அன்றாட வாழ்க்கையைப் படம்பிடித்த முதல் மௌனக் குறும்படங்கள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இந்தப் பக்கம் எந்தப் படங்களைப் பற்றியது?

1895 தொடங்கி ஏறத்தாழ 1906 வரை, கதையோ வசனமோ இல்லாமல், ஒரு தெருவையோ துறைமுகத்தையோ ஆலை வாசலையோ பெரும்பாலும் ஒரே இடத்தில் நின்றபடி எடுத்த சிறு படங்களைப் பற்றியது. அவற்றுள் மிகப் பல ஒரு நிமிடத்தைக்கூடத் தொடாதவை. பிரான்சில் அவற்றை எடுத்தவர்கள் ‘காட்சிகள்’ என்றே பட்டியலிட்டார்கள். ஆவணப்படம் என்ற சொல் 1920களில்தான் புழக்கத்துக்கு வந்தது. லியோன் நகரத்து லூமியேர் நிறுவனம் மட்டுமே இத்தகைய காட்சிகளை 1,400க்கும் மேல் எடுத்துப் பட்டியலில் சேர்த்தது. அந்தத் தொகுப்பு 2005ஆம் ஆண்டு யுனெஸ்கோவின் உலக நினைவகப் பதிவேட்டில் இடம்பெற்றது.

முதன்முதலில் எடுத்தவர் யார்?

‘முதல்’ என்று எதைச் சொல்கிறோம் என்பதைப் பொறுத்து விடை மாறும். இன்று நம்மிடம் எஞ்சியிருப்பவற்றுள் பழையது வேண்டுமென்றால், 1888 அக்டோபர் 14 அன்று இங்கிலாந்தின் லீட்ஸ் நகரில் லூயி லெ பிரின்ஸ் என்னும் பிரெஞ்சுக்காரர் எடுத்த தோட்டக் காட்சியைச் சொல்ல வேண்டும். அவருடைய மகனும் மாமனார் மாமியாரும் இன்னொரு பெண்ணும் தோட்டத்துப் புல்வெளியில் சுற்றிச் சுற்றி நடக்கிறார்கள். இரண்டு விநாடியில் முடிந்துவிடுகிறது. அதில் நடக்கும் மாமியார் அடுத்த பத்தே நாளில் இறந்துபோனார். லெ பிரின்ஸோ 1890 செப்டம்பரில் டிஜோனில் பாரிஸ் ரயிலேறியவர் எங்கும் இறங்கியதாகத் தடயமில்லை.

அமெரிக்காவில் எடிசனின் கினெட்டோஸ்கோப் 1894 ஏப்ரல் 14 அன்று நியூயார்க்கில் பொதுமக்களுக்குத் திறக்கப்பட்டது. நம் ஊர்த் திருவிழாக்களில் கண்ணை ஒட்டவைத்துப் பார்த்த பயாஸ்கோப் பெட்டியைப் போலவே அதிலும் ஒருவர் குனிந்து ஒரு துளை வழியாகத்தான் பார்க்க முடியும். பலர் ஒன்றாக அமர்ந்து, கட்டணம் செலுத்தித் திரையில் பார்த்த நிகழ்ச்சியைத் தொடக்கமாகக் கொள்வோர் ஒகுஸ்த், லூயி என்னும் லூமியேர் சகோதரர்களைச் சுட்டுகிறார்கள். அன்றாட வாழ்க்கை என்னும் பொருளைப் பொறுத்தவரை இந்தக் கடைசி விடையே பொருத்தமானது என்பது என் கருத்து. அதற்கான காரணம் கருவியிலேயே இருக்கிறது.

கருவிக்கும் அன்றாட வாழ்க்கைக்கும் என்ன தொடர்பு?

எடிசனின் படக்கருவி மிகுந்த எடையுடையது; மின்சாரத்தால் இயங்குவது. அதை நகர்த்த முடியாததால், நியூஜெர்சியில் கறுப்புத் தாள் போர்த்திய ஒரு கொட்டகையைக் கட்டி, படம்பிடிக்க வேண்டியவர்களை அங்கே வரவழைத்தார்கள். வித்தைக்காரர்களும் நடனப் பெண்களும் குத்துச்சண்டை வீரர்களும் வந்தார்கள். கொல்லன் பட்டறை வேண்டுமென்றால்கூட, எடிசனின் ஊழியர்களே கொல்லர்களாக நின்று சம்மட்டி அடித்தார்கள். தெரு மட்டும் கொட்டகைக்குள் வராது அல்லவா?

லூமியேர் சகோதரர்கள் 1895 பிப்ரவரி 13 அன்று காப்புரிமை பெற்ற சினிமாட்டோகிராஃப் ஏறத்தாழ ஐந்து கிலோ எடையுள்ள மரப்பெட்டி. கையால் சுழற்றினால் போதும், மின்சாரம் வேண்டாம். தையல் இயந்திரத்தில் துணி விட்டுவிட்டு நகர்வதைப் போல ஃபிலிமைக் கொக்கியால் இழுத்து, ஒரு கணம் நிறுத்தி, மறுபடி இழுக்கும் உத்தியை லூயி லூமியேர் கண்டறிந்தார். படம் எடுப்பது, பிரதி எடுப்பது, திரையில் காட்டுவது ஆகிய மூன்றையும் அதே பெட்டி செய்தது. காலையில் சந்தையை எடுத்தவர், விடுதி அறையில் ஃபிலிமைக் கழுவி, மாலையில் அதே ஊர்க்காரர்களுக்குத் திரையிட்டுவிடலாம். 1895 ஜூனில் லியோன் அருகே புகைப்படக் கலைஞர்கள் மாநாட்டுக்குப் படகில் வந்து இறங்கியதை லூயி லூமியேர் எடுத்து மறுநாளே காட்டியபோது, வந்திருந்தவர்கள் தங்களையே திரையில் கண்டார்கள்.

ஏன் எல்லாம் ஐம்பது விநாடி அளவிலேயே இருக்கின்றன?

பெட்டிக்குள் ஏறத்தாழ 17 மீட்டர் ஃபிலிம்தான் அடங்கும். நொடிக்கு இரண்டு சுற்று, ஒரு சுற்றுக்கு எட்டுச் சட்டகம் (ஃபிலிமில் பதியும் ஒவ்வொரு தனிப்படம்) என்று சுழற்றினால் ஐம்பது விநாடிக்குச் சற்று முன்பின்னாகச் சுருள் தீர்ந்துவிடும். வெட்டி ஒட்டும் வழக்கமும் அப்போது இல்லை. ஆகவே எங்கே நிற்பது, எப்போது கைப்பிடியைச் சுழற்றத் தொடங்குவது என்ற இரண்டு முடிவுகளிலேயே படம்பிடிப்பவரின் திறமை முழுவதும் அடங்கியிருந்தது.

1895 டிசம்பர் 28 அன்று உண்மையில் என்ன காட்டினார்கள்?

பாரிஸில் கப்புசின் பெருஞ்சாலை 14ஆம் எண்ணில் இருந்த கிராண்ட் கஃபேயின் கீழ்த்தளக் கூடத்தில், ஒரு ஃபிராங்க் கட்டணத்தில், பத்துப் படங்கள் காட்டப்பட்டன. பணம் செலுத்தி வந்தவர்கள் 33 பேர். தொழிற்சாலையிலிருந்து வேலையாட்கள் வெளியேறுவது, கொல்லர்கள் இரும்பு அடிப்பது, கண்ணாடித் தொட்டிக்குள் கைவிட்டுக் குழந்தை பொன்மீன் பிடிக்க முயல்வது, லியோன் நகரச் சதுக்கத்தில் குதிரை வண்டிகள் போவது, சிறுவர்கள் கடலில் குதிப்பது முதலியவை அவற்றுள் அடங்கும். தோட்டக்காரரின் தண்ணீர்க் குழாயை ஒரு பையன் மிதித்து ஏமாற்றும் நகைச்சுவைக் காட்சியும் இருந்தது. கதைப்படத்தின் விதை என்று அதைச் சொல்வார்கள். பலரும் நினைப்பதுபோல ரயில் வரும் படம் அன்றைய நிகழ்ச்சியில் இல்லை.

திரையில் வரும் ரயிலைக் கண்டு மக்கள் அலறி ஓடினார்கள் என்பது உண்மையா?

அப்படி ஓடினார்கள் என்பதற்கு அன்றைய செய்தித்தாள்களில் நம்பத்தக்க சான்று எதுவும் கிடைக்கவில்லை என்று திரைப்பட வரலாற்றாய்வாளர்கள் காட்டியிருக்கிறார்கள். லா சியோட்டா என்னும் பிரெஞ்சு ஊரின் நிலையத்துக்குள் ரயில் வரும் அந்தப் படம் 1896 ஜனவரியில்தான் பொதுமக்கள் முன் வந்தது. இன்று இணையத்தில் பரவலாகக் காணப்படுவதோ 1897இல் திரும்ப எடுக்கப்பட்ட வடிவம். பார்த்தவர்கள் வியந்திருப்பார்கள், சிலர் பின்னால் சாய்ந்தும் இருப்பார்கள். ஆனால் அவர்கள் கண்ணாடித் தகட்டு ஓவியங்களை ஒளியால் திரையில் காட்டும் மாய விளக்குக் காட்சிகளையும், பார்ப்பவரைச் சூழ்ந்து நிற்கும் பெரிய அளவிலான சுற்றோவியங்களையும் பார்த்துப் பழகிய நகரவாசிகள். அவர்களைத் திரைக்கும் மெய்க்கும் வேறுபாடு தெரியாதவர்களாக நாம் நினைக்க விரும்புவது, நம்மை விவரமறிந்தவர்களாகக் காட்டிக்கொள்ளும் ஆசையால்தான் என்று எனக்குத் தோன்றுவதுண்டு.

அப்படியானால் பார்வையாளர்களை வியக்கவைத்தது எது?

இலைகள். ஒகுஸ்த் லூமியேரும் அவர் மனைவியும் தங்கள் கைக்குழந்தைக்கு உணவூட்டும் காட்சியில், குழந்தை தன் கையிலிருக்கும் பிஸ்கட்டைச் சட்டகத்துக்கு வெளியே நிற்கும் யாருக்கோ நீட்டுகிறது; அதைக் காணத்தான் படம் எடுக்கப்பட்டது. பார்த்தவர்களோ பின்னால் காற்றில் அசையும் செடிகளைப் பற்றிப் பேசினார்கள். கொல்லன் பட்டறையில் எழும் ஆவியும், இடிக்கப்பட்ட சுவர் விழும்போது கிளம்பும் புழுதியும், படகின் கீழே உருளும் அலையும் அவ்வாறே பேசப்பட்டன. மேடை நாடகத்தில் மனிதர் அசைவதை எல்லாரும் கண்டிருக்கிறார்கள். வரைந்த திரைச்சீலையில் மரம் அசைந்து யாரும் கண்டதில்லை. யாரும் ஏற்பாடு செய்யாத ஒன்று படத்துக்குள் வந்து உட்கார்ந்துகொண்டது அதுவரை கலைகளில் நேராதது. இன்றும் இப்படங்களை நான் திரும்பத் திரும்பப் பார்ப்பது, நடுவில் நடப்பதைவிட ஓரத்தில் நடப்பதற்காகவே.

எல்லாரும் மகிழ்ந்தார்கள் என்றும் சொல்ல முடியாது. 1896 கோடையில் ரஷ்யாவின் நீஷ்னி நோவ்கராத் கண்காட்சியில் இவற்றைப் பார்த்த மாக்சிம் கார்க்கி, நிழல்களின் ராஜ்ஜியத்துக்குள் போய்வந்ததாக எழுதினார். நிறமும் ஓசையும் இல்லாமல் மனிதர்கள் சிரிப்பது அவருக்கு அச்சத்தையே தந்தது.

இவை உள்ளதை உள்ளபடி எடுத்தவைதாமா?

பாதி உண்மை. தொழிற்சாலை வாசல் படத்தையே எடுத்துக்கொள்வோம். அது லூமியேரின் சொந்தத் தொழிற்சாலை. புகைப்படத் தகடுகள் செய்யும் இடம். வெளியே வருபவர்களுள் பெரும்பாலோர் பெண்கள். அந்தத் தெருவுக்கு இப்போது ‘முதல் படத் தெரு’ என்று பெயர். 1895 மார்ச்சில் எடுத்து அம்மாதம் 22ஆம் நாள் பாரிஸில் அறிஞர் குழுவுக்குக் காட்டிய பிறகு, அதே காட்சியை மேலும் இருமுறை எடுத்தார்கள். ஒன்றில் ஒற்றைக் குதிரை வண்டி வருகிறது, இன்னொன்றில் இரட்டைக் குதிரை, மற்றொன்றில் குதிரையே இல்லை; உடைகளும் பருவத்துக்கேற்ப மாறியிருக்கின்றன. கதவு திறப்பதில் தொடங்கிச் சுருள் தீர்வதற்குள் அத்தனை பேரும் வெளியேறிவிட வேண்டுமென்று அவசரப்படுவதைக் கூர்ந்து நோக்கினால் காணலாம். எந்த ஆலை ஐம்பது விநாடியில் காலியாகும்? தவிர, முதலாளியே படக்கருவிக்குப் பின்னால் நிற்கும்போது ஒருவரும் அந்தப் பக்கம் திரும்பிப் பார்க்காதிருப்பது இயல்பாக நடந்திருக்க முடியாது. முன்கூட்டியே சொல்லிவைத்திருப்பார்கள் என்றே கொள்ள வேண்டும்.

லா சியோட்டா நடைமேடையில் நிற்பவர்களிலும் லூமியேர் குடும்பத்தினர் இருக்கிறார்கள். சீட்டாட்டப் படத்தில் அமர்ந்திருப்பவர்கள் தந்தை அந்த்வான் லூமியேரும் அவருடைய நண்பர்களும். அவர்களுள் ஒருவர் தொழில்முறை வித்தைக்காரரான ட்ரூவே. நாம் ‘அன்றைய பிரான்ஸ்’ என்று பார்ப்பதில் கணிசமான பகுதி வசதியான ஒரு குடும்பத்தின் வீட்டுப் படத்தொகுப்பு. ஆனாலும் நாய் குறுக்கே ஓடுவதையும், ஒரு பெண் தோழியின் பாவாடையைப் பிடித்து இழுத்து விளையாடுவதையும் யாரும் திட்டமிட்டுக் கட்டியிருக்க மாட்டார்கள். ஏற்பாட்டின் நடுவே வாழ்க்கை கசிந்துவிடுகிறது.

மக்கள் படக்கருவியையே உற்றுப் பார்க்கும் படங்களும் இருக்கின்றனவே?

அவையே எனக்கு மிகவும் பிடித்தவை. இங்கிலாந்தின் லங்காஷயரில், பிளாக்பர்ன் ஊரைச் சேர்ந்த சேகர் மிட்செல், ஜேம்ஸ் கென்யன் என்னும் இருவர், 1900களின் தொடக்கத்தில் ஊர் ஊராகச் சென்று ஆலை வாசல்களிலும் கால்பந்துத் திடல்களிலும் கடைத்தெருக்களிலும் படம் எடுத்தார்கள். சந்தைகளில் கூடாரம் போட்டுக் காட்சி நடத்துபவர்களே அவர்களுக்குப் பணம் கொடுத்து எடுக்கச் சொன்னவர்கள். கணக்கு எளிமையானது: ஆலை விட்டு வெளிவரும் ஐந்நூறு பேரைப் படமெடுத்தால், தங்களைத் தாங்களே பார்க்க அந்த ஐந்நூறு பேரும் உறவினரோடு மாலையில் கூடாரத்துக்கு வருவார்கள். ஆகவே முகம் தெரிவதே இங்கு வியாபாரம். திரும்பிப் பார்க்காதே என்று சொல்ல எவருக்கும் தேவை இருக்கவில்லை.

இப்படங்களில் பையன்கள் தொப்பியைச் சுழற்றியபடி மறுபடியும் மறுபடியும் சட்டகத்துக்குள் நுழைகிறார்கள். பெண்கள் சால்வையால் தலையை மூடி, மரக்கட்டை அடித்தளமிட்ட காலணிகளோடு கடந்து போகிறார்கள். அரைநாள் ஆலையிலும் அரைநாள் பள்ளியிலும் கழித்த 12 வயதுப் பிள்ளைகளும் அந்தக் கூட்டத்தில் வருகிறார்கள். அதைக் குறையென்று சுட்டும் நோக்கம் படமெடுத்தவர்களுக்கு இல்லை. ஆனால் இன்று பார்ப்பவரின் கண் அங்கேதான் போய் நிற்கிறது. இந்தச் சுருள்கள் காணாமற்போய், 1994இல் பிளாக்பர்னில் ஒரு பழைய கடையைக் காலிசெய்தபோது உலோக டிரம்களில் அடைத்தபடி கிடைத்தன. எண்ணூறுக்கும் மேற்பட்ட அந்த நெகட்டிவ் சுருள்கள் 2000ஆம் ஆண்டில் பிரிட்டிஷ் திரைப்படக் கழகத்திடம் வந்து சேர்ந்து செப்பனிடப்பட்டன.

ஐரோப்பாவுக்கு வெளியே எடுத்த படங்கள் எப்படிப்பட்டவை?

லூமியேர் நிறுவனம் பயிற்சி பெற்ற ஆட்களைப் பல நாடுகளுக்கும் அனுப்பியது. அலெக்சாந்தர் ப்ரோமியோ 1896இல் வெனிஸ் கால்வாயில் படகில் படக்கருவியை வைத்துச் சுழற்றியதில், கரையோர மாளிகைகள் நகர்வதுபோன்ற காட்சி கிடைத்தது. நகரும் படக்கருவியின் வரலாறு அந்தப் படகிலிருந்தே எழுதப்படுகிறது. காப்ரியேல் வேர் மெக்சிகோ, ஜப்பான் வழியாக இந்தோசீனா சென்று, ஒரு சிற்றூரை விட்டுப் பல்லக்கில் வெளியேறும்போது பின்னோக்கிப் படமெடுத்தார். ஊர்ப் பிள்ளைகள் அத்தனை பேரும் சிரித்துக்கொண்டு படக்கருவியைத் துரத்தி ஓடிவருகிறார்கள்.

அதே வேரின் தொகுப்பில், வெள்ளாடை அணிந்த இரண்டு ஐரோப்பியப் பெண்மணிகள் தரையில் காசுகளை வீச, வியட்நாமியக் குழந்தைகள் குனிந்து பொறுக்கும் படமும் இருக்கிறது. வீசுகிறவர் முகத்தில் கோழிக்குத் தீனி இறைப்பவரின் உற்சாகம். குடியேற்ற ஆட்சியைப் பற்றி நீண்ட கட்டுரை எழுதினாலும் அந்த ஒரு நிமிடத்தின் கசப்பைக் கொண்டுவர முடியாது. எடுத்தவருக்கோ அது ஒரு வேடிக்கைக் காட்சி.

இந்தியாவுக்கும் சென்னைக்கும் இப்படங்கள் எப்போது வந்தன?

ஆஸ்திரேலியா செல்லும் வழியில் பம்பாயில் தங்கிய லூமியேர் நிறுவனத்து ஆள் மரியுஸ் செஸ்தியே, 1896 ஜூலை 7 அன்று வாட்சன் ஹோட்டலில் ஆறு படங்களை ஒரு ரூபாய் கட்டணத்தில் காட்டினார். பாரிஸ் காட்சி நடந்து ஏழு மாதம்கூட ஆகவில்லை. பிறகு நாவல்டி தியேட்டருக்குக் காட்சி மாறியபோது நாலணா டிக்கெட்டும் வந்தது. சென்னையில் 1897இல், சென்ட்ரல் நிலையத்துக்கு அருகிலுள்ள விக்டோரியா பொது மண்டபத்தில் ஐரோப்பியர் ஒருவர் இத்தகைய அன்றாட நிகழ்ச்சிப் படங்களைத் திரையிட்டார். 1905இல் திருச்சியில் ரயில்வே ஊழியராக இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், பிரெஞ்சுக்காரர் ஒருவரிடமிருந்து புரொஜெக்டரையும் படங்களையும் வாங்கிக்கொண்டு ஊர்தோறும் கூடாரமடித்துக் காட்டக் கிளம்பினார். டென்ட் கொட்டகையின் கதை அங்கிருந்து தொடங்குகிறது.

இந்தியர் எடுத்தவற்றைக் கேட்டால், பம்பாய் புகைப்படக் கலைஞர் பாட்வடேகர் 1899இல் எடுத்த மல்யுத்தப் போட்டியைச் சொல்ல வேண்டும். கல்கத்தாவில் ஹீராலால் சென் ஏராளமாக எடுத்தார். 1917இல் நேர்ந்த தீவிபத்தில் அவருடைய படங்கள் சாம்பலாயின.

பழைய படங்களில் மனிதர்கள் ஏன் குடுகுடுவென்று ஓடுகிறார்கள்?

அவர்கள் ஓடவில்லை, நாம் ஓட்டுகிறோம். நொடிக்கு 16 வீதம் ஐம்பது விநாடிக்கு எடுத்த 800 சட்டகங்களைப் பிற்காலத்துக் கருவியில் 24 வீதம் ஓட்டினால் 33 விநாடியில் முடிந்துவிடும். வேகத்தைச் சரிசெய்த பிரதிகளில் அதே மனிதர்கள் நிதானமாகவே நடக்கிறார்கள்.

காட்சியின்போது அரங்கம் அமைதியாகவா இருந்தது?

இல்லை. பியானோ வாசித்தார்கள், படத்தை விளக்கிப் பேசுவோர் இருந்தார்கள், கைப்பிடி சுழலும் ஓசையும் இருந்தது. ஆலை வாசல் படங்களின்போது, திரையில் தெரிந்தவரைப் பெயர் சொல்லிக் கூவும் குரல்களே பெரிய இசையாக இருந்திருக்கும்.

ஒரு தெருப் படம் எந்த நாளில் எடுக்கப்பட்டது என்று எப்படி அறிகிறார்கள்?

சான் பிரான்சிஸ்கோவின் மார்க்கெட் தெருப் படம் இதற்குச் சிறந்த எடுத்துக்காட்டு. மைல்ஸ் சகோதரர்கள் கேபிள் டிராமின் முன்புறம் படக்கருவியைப் பொருத்தி, படகுத்துறைக் கட்டடம் வரை ஏறத்தாழ 13 நிமிடம் எடுத்தார்கள். அது 1905இல் எடுக்கப்பட்டது என்றே நெடுங்காலம் நம்பப்பட்டது. டேவிட் கீன் என்னும் ஆய்வாளர் சாலையில் தேங்கிய மழைநீரைக் கவனித்து வானிலைக் குறிப்புகளோடு ஒப்பிட்டார். அதில் வரும் ஒரு காரின் எண் பலகை 1906இல்தான் பதிவானது என்பதையும் கண்டார். படம் எடுக்கப்பட்டது 1906 ஏப்ரல் 14ஆம் நாளை ஒட்டியே என்று முடிவாயிற்று. ஏப்ரல் 18 விடியலில் நிலநடுக்கமும் அதைத் தொடர்ந்த தீயும் அந்தத் தெருவை அழித்தன. சுருள் முந்தின இரவே ரயிலில் நியூயார்க்குக்குப் புறப்பட்டுவிட்டதால் பிழைத்தது. இடையிடையே ஒரே கார் டிராமைச் சுற்றிச் சுற்றி வருவதையும் கவனியுங்கள். போக்குவரத்து மிகுதியாகத் தெரிய வேண்டுமென்று செய்த ஏற்பாடு போலும்.

இத்தனை பழைய ஃபிலிம்கள் எப்படித் தப்பின?

பெரும்பாலானவை தப்பவில்லை. அக்காலத்தில் பயன்பட்ட நைட்ரேட் ஃபிலிம் எளிதில் தீப்பற்றும், பற்றினால் தண்ணீருக்கும் அணையாது, சும்மா வைத்திருந்தாலும் நாளடைவில் பிசுபிசுத்துப் பொடியாகும். 1897 மே 4 அன்று பாரிஸில் அறநிதிச் சந்தை ஒன்றில் 120க்கும் மேற்பட்டோர் மாண்ட தீவிபத்தையும் பலர் ஃபிலிமின் கணக்கில் எழுதுகிறார்கள். ஆனால் அந்தத் தீக்குக் காரணம் புரொஜெக்டர் விளக்கில் பயன்பட்ட, எளிதில் பற்றும் ஈதர் என்னும் திரவம்.

அமெரிக்கப் படங்கள் பலவற்றைக் காப்பாற்றியது சட்டத்திலிருந்த ஓர் ஓட்டை. 1912 வரை அசையும் படத்துக்கெனத் தனிப் பதிப்புரிமை இல்லாததால், ஒவ்வொரு சட்டகத்தையும் புகைப்படத் தாள் நாடாவில் அச்சிட்டு, புகைப்படமென்று சொல்லி அமெரிக்கக் காங்கிரஸ் நூலகத்தில் பதிவுசெய்தார்கள். ஃபிலிம்கள் அழிந்த பிறகும் தாள் நாடாக்கள் எஞ்சின. அவற்றிலிருந்து 3,000 அளவிலான படங்கள் மீண்டும் ஃபிலிமுக்கு வந்தன.

வண்ணமூட்டி, நொடிக்கு 60 சட்டகமாக்கி இணையத்தில் வரும் வடிவங்களைப் பார்க்கலாமா?

பார்ப்பதில் தவறில்லை, அவற்றைச் சான்றாகக் கொள்வதில்தான் தவறு. இடைச் சட்டகங்களைக் கணினி ஊகித்து வரைகிறது, உடையின் நிறத்தையும் அதுவே முடிவுசெய்கிறது. சேர்க்கப்பட்ட குளம்பொலி எங்கோ பதிவானது. ஊகம் பிழைக்கும் இடம் பெரும்பாலும் இலை, புழுதி, கூட்டத்தின் கடைசி வரிசை முகம் போன்ற நுணுக்கங்களே. எந்த ஓரத்துக்காக இப்படங்களைப் பார்க்கிறோமோ அந்த ஓரத்தைத்தான் அது முதலில் மெழுகிவிடுகிறது.

புதிதாகப் பார்ப்பவர் எதில் தொடங்கலாம்?

1896இல் எடுத்த சுவர் இடிக்கும் படத்தில் தொடங்குங்கள். ஒகுஸ்த் லூமியேர் மேற்பார்வையிட, வேலையாட்கள் சுவரைத் தள்ளிவிட்டுப் புழுதிக்குள் மறைகிறார்கள். திரையிட்டவர்கள் அதே சுருளைப் பின்னோக்கிச் சுழற்றியதும் உண்டு. அப்போது புழுதியெல்லாம் ஓரிடத்தில் கூடி, செங்கற்கள் எழுந்து, சுவர் தானே நிமிர்ந்து நின்றது. முதலில் முன்னோக்கியும் பிறகு பின்னோக்கியும், ஒலியை அணைத்துவிட்டு, புழுதியை மட்டும் கவனித்துப் பாருங்கள்.